எழுத்தறிவு என்னும் பக்கவிளைவு

சீனிக்கு எழுதத் தெரியாது என்பதைக் கண்டுபிடித்தது ஒரு கணினி. அதற்கு முன் ஐம்பத்தைந்து ஆண்டுகளில் யாருக்கும் அந்தச் சந்தேகம் வந்ததில்லை.

மலேசியாவின் ஈப்போ பழைய பட்டணத்தில், ஒரு துணிக்கடையின் காக்கிலீமா நடைபாதையில் அவர் சாவி வெட்டிக்கொண்டிருந்தார். வெட்டிய சாவி ஒவ்வொன்றிலும் சீட்டு எழுதிக் கட்டுவார். முன்கதவு. பின்கதவு. மாமியார் அறை. தமிழர்களுக்குத் தமிழில், மலாய்க்காரர்களுக்கு மலாயில், சீனர்களுக்கு ஆங்கிலத்தில். ஒருநாள் ஒரு கடையின் கண்ணாடிக் கதவில் பூட்டைக் கழற்றும்போது கண்ணாடி பிளந்து வலது முன்கையில் இறங்கியது. தைத்தார்கள். தோல் ஒட்டியது. நரம்பு ஒட்டவில்லை. ஐந்து விரல்களும் யாரோ மறந்து விட்டுப்போன கையுறை மாதிரி மணிக்கட்டில் தொங்கின.

ஓராண்டாகச் சாவி எந்திரம் தார்ப்பாய்க்குள் கிடந்தது. சிலிபின் பகுதியிலிருந்த வீட்டில் தினமும் காலையில் மனைவி குமுதா அவருக்குச் சட்டைப் பொத்தான் போட்டுவிட்டாள்.

"கல்யாணமான புதுசுல நானா போட்டுவிட வந்தா வேணாம்னு சொன்ன மனுசன்."

"அப்ப கை இருந்துச்சு."

"வாய் இப்பவும் இருக்கு."

அவருக்குச் சும்மா உட்காரத் தெரியவில்லை. வீட்டிலிருந்த பூட்டுகளையெல்லாம் இடது கையால் திறந்து மூடினார். மூடித் திறந்தார். அந்தச் சத்தம் பொறுக்காமல் குமுதா பத்திரிகையை அவர் முன்னால் போட்டாள். நரம்பு வளர்க்கும் மருந்து ஒன்றைச் சோதிக்கத் தன்னார்வலர்கள் தேவை என்று அதில் விளம்பரம் வந்திருந்தது. சீனி அதை இரண்டு முறை படித்தார்.

கிந்தா நரம்பு வளர்ச்சி ஆய்வு நிலையம் ஈப்போவுக்கும் பத்து காஜா என்ற ஊருக்கும் நடுவில், முன்பு ரப்பர் தோட்டமாக இருந்த நிலத்தில் நின்றது. சீனி பிறந்த தோட்டம். தொழிலாளர்களின் லயன் வீடுகள் இருந்த இடத்தில் வாகன நிறுத்தம். தமிழ்ப்பள்ளி இருந்த இடத்தில் வரவேற்புக் கூடம். பள்ளியின் மூன்றாம் வகுப்பு இருந்த மூலையில், திசை வைத்துப் பார்த்தால், மருந்துக் குளிர்பெட்டி. முதல் நாள் இதைக் காவலாளியிடம் சொன்னார். காவலாளி அவர் சட்டையில் 'வருகையாளர்' என்ற அட்டையைக் குத்திவிட்டார்.

சோதனைக்குப் பதினெட்டுப் பேர் வந்திருந்தார்கள். நிலைய இயக்குநர் டாக்டர் ஸ்கந்தராஜா ஆங்கிலத்தில் நாற்பது நிமிடமும் தமிழில் மூன்று நிமிடமும் வரவேற்றார். தம் பாட்டனார் யாழ்ப்பாணத்திலிருந்து ரயில்வே உத்தியோகத்துக்கு வந்தவர் என்பதை இரண்டிலும் சொன்னார்.

"பாருங்கோ, உடம்பில ஒவ்வொரு உயிரணுவும் ஒரு புத்தகம். நரம்பு வளர்றதுக்கான பக்கமும் அதுக்குள்ளதான் இருக்கு. வயசு போனா அந்தப் பக்கம் ஒட்டிப்போகும். எங்கட எபிஜெனடிக் மருந்து புத்தகத்தில ஒரு எழுத்தையும் மாத்தாது. ஒட்டின பக்கத்தைப் பிரிச்சு விடும். பிறகு உயிரணு தானா வாசிக்கும். வாசிச்சா நரம்பு வளரும். விளங்குதோ?"

"வளர்றது எப்ப நிக்கும் சார்?" என்று சீனிக்குப் பக்கத்திலிருந்த கிழவி கேட்டாள்.

"மருந்தை நிப்பாட்டினா நிக்கும். இரண்டு கிழமைக்கு, பதினாலு நாளுக்கு ஒண்டு, மொத்தம் ஆறு ஊசி. நாற்பத்திரண்டு நாளுக்கு மேல இடைவெளி விழுந்தா பக்கம் திரும்ப ஒட்டிப்போகும். பிறகு ஆராலும் பிரிக்க ஏலாது."

சீனி நாற்பத்திரண்டு என்பதை மனதில் முடிந்துகொண்டார்.

கிழவியின் பெயர் இருளாயி. பத்து காஜாவிலிருந்து வந்திருந்தாள். சர்க்கரை வியாதியில் இரண்டு பாதங்களும் மரத்துப்போயிருந்தன. சந்தைக்குப் போகும் வழியில் செருப்பு கழன்றது தெரியாமல் வெறுங்காலோடு தார்ச்சாலையில் நடந்தவள்.

"நீ பள்ளிக்கூடம் போனவனா தம்பி?"

"ஆமா அக்கா. இங்கதான்."

"நான் ரப்பர் பால் வாளிய தூக்கிக்கிட்டு பள்ளிக்கூடத்தக் கடந்து போனதோட சரி."

முகப்பில் தினேஸ்வரி என்ற பெண் ஆளாளுக்கு ஒப்புதல் வாங்கிக்கொண்டிருந்தாள். கையெழுத்துப் போட ஒரு கண்ணாடிப் பலகை, பேனா. பெருவிரல் வைக்க ஒரு சின்னச் சதுரம். சீனி வலது கையைக் காட்டினார்.

"இடது கையில கிறுக்கட்டுமா?"

"வேணாம் அண்ணே. ஒவ்வொரு தடவையும் ஒரே மாதிரி வரலன்னா அது ஒத்துக்காது. இடது பெருவிரல் வைங்க."

வைத்தார். திரையில் அவர் பெயருக்குக் கீழே ஒரு வரி தானாகத் தோன்றியது. எழுத்தறிவு: இல்லை.

"இது என்னமா?"

"அது தானா வரும் அண்ணே. பெருவிரல் வச்சா எழுதத் தெரியாதவங்க. டாக்டர் அப்படித்தான் வைக்கச் சொன்னாரு."

"எனக்குத் தெரியுமே."

"உங்களுக்குத் தெரியும்னு எனக்குத் தெரியும். அதுக்குத் தெரியாது லா."

"மாத்து."

"மாத்த எடம் இல்ல. தாப்பா லா, பரவால்ல அண்ணே, ஊசி ஒண்ணுதானே."

ஊசி ஒன்றுதான். அடுத்து நின்ற இருளாயியும் பெருவிரல் வைத்தாள். அவளுக்கும் இல்லை என்று வந்தது. அவள் விஷயத்தில் அது சரி.

முதல் ஊசியில் ஒன்றும் நடக்கவில்லை. இரண்டாவதில் முன்கைக்குள் எறும்பு ஊர்ந்தது. மூன்றாவது ஊசிக்குப் பின், ஒரு காலையில், குமுதா பொத்தான் போடும்போது அவருடைய வலது பெருவிரல் அவள் புறங்கையில் பட்டது. பட்டது அவருக்கே தெரிந்தது. குமுதா அடுத்த பொத்தானைத் தப்பான துளையில் மாட்டினாள்.

"மூணாவது பொத்தான் மாத்திப் போட்டுட்டே" என்றார் அவர்.

நான்காவது ஊசிக்குப் பிறகு பெருவிரல், ஆள்காட்டி, நடுவிரல் மூன்றும் வந்தன. மோதிர விரலும் சுண்டு விரலும் வரவில்லை. ஒரு சாவியைப் பிடித்துத் திருப்ப மூன்று விரல் போதும். அரத்தை இறுக்கிப் பிடிப்பது மற்ற இரண்டும்தான். அவை இல்லாமல் சாவியைத் திருப்பலாம், வெட்ட முடியாது. இன்னும் இரண்டு ஊசி பாக்கி இருந்தது. சீனி கணக்குப் போட்டார். விரலுக்கு ஒன்று.

ஐந்தாவது ஊசிக்கு அவர் ஆறாவது பொத்தானைத் தானே போட்டுக்கொண்டு போனார். முகப்பில் தினேஸ்வரி பெருவிரல் சதுரத்தை நகர்த்தினாள். அவர் பேனாவைக் கேட்டார்.

"எழுத வருதா அண்ணே!"

"பாரு."

பதினான்கு மாதங்களுக்குப் பிறகு தம் பெயரை எழுதினார். சீ சற்று நடுங்கியது. னி நன்றாக விழுந்தது. தினேஸ்வரி கைதட்டினாள். கணினி கத்தியது.

அடையாளம் பொருந்தவில்லை. இப்பங்கேற்பாளருக்கு எழுதத் தெரியாது.

தகவல் அதிகாரி பிரஷாந்தன் உள்ளேயிருந்து வந்தான். திரையைப் பார்த்தான். சீனியைப் பார்த்தான். ஊசியைத் திரும்பக் குளிர்பெட்டிக்குள் வைக்கச் சொன்னான்.

"நீங்க யாரு?"

"சீனி."

"சீனிக்கு எழுத வராதே."

"கை வரல. இப்ப வந்துருச்சு. அதுக்குத்தானே ஊசி?"

"கை வந்தது சரி அங்கிள். அது நாங்க எதிர்பார்த்ததுதான். எழுத்து எப்படி வந்தது?"

நெறிமுறைக் குழு மூன்றாம் நாள் கூடியது. ஐந்து பேர். நீள மேசையின் ஒரு முனையில் சீனியை உட்காரவைத்து மறு முனையில் அவரைப் பற்றிப் பேசினார்கள். பிரஷாந்தன் திரையில் மூன்று விளக்கங்களைக் காட்டினான். ஒன்று, சீனியின் பெயரில் வேறு ஆள் வந்திருக்கிறார். அப்படியானால் பாதுகாப்பில் ஓட்டை. இரண்டு, பதிவில் தவறு. அப்படியானால் பதினெட்டுப் பேரின் பதிவையும் திரும்பப் பார்க்க வேண்டும், பதிவு முறையை வகுத்தவர் விளக்கம் தர வேண்டும். முறையை வகுத்தவர் டாக்டர் ஸ்கந்தராஜா. மூன்று, மருந்து அவருக்கு எழுத்தறிவைக் கொடுத்திருக்கிறது.

குழு மூன்றாவது விளக்கத்தை ஒருமனதாகக் கண்டடைந்தது.

"இதை நான் தொடக்கத்திலேயே சொன்னேன்" என்றார் டாக்டர் ஆங்கிலத்தில். "மருந்து பக்கங்களைப் பிரிக்கிறது, உயிரணு வாசிக்கிறது. என் வரவேற்புரையின் ஒலிப்பதிவு இருக்கிறது. உயிரணு வாசிக்குமானால் மனிதன் வாசிப்பதைத் தடுப்பது எது? நான் உவமையாகச் சொல்வதாக நினைத்திருந்தேன். அது என் அடக்கம். இப்போது பார்த்தால் நான் அதை முன்கூட்டியே கணித்திருக்கிறேன்."

"சார்," என்றார் சீனி, "நான் ஆறாம் வகுப்பு வரைக்கும் தமிழ்ப்பள்ளியில படிச்சவன். அப்புறம் பத்து காஜாவுல மூணு வருசம்."

"சான்றிதழ் இருக்கோ?"

"கரையான் தின்னுருச்சு."

"பள்ளிக்கூடம் எங்க?"

சீனி தரையைக் காட்டினார். "இங்கதான் சார். இதே எடத்துல."

பிரஷாந்தன் தட்டச்சு செய்தான். இந்நிலையத்திலேயே எழுத்தறிவு பெற்றதாகப் பங்கேற்பாளர் ஒப்புக்கொள்கிறார்.

குழுவிலிருந்த அம்மையார் ஒருவர் எந்த மொழி என்று கேட்டார்.

"தமிழ்."

"வேறு?"

"மலாய் எழுதுவேன். சாவி சீட்டுக்கு இங்கிலீசும் கொஞ்சம்."

அறையில் பேனாக்கள் நின்றன. மூன்று மொழி. நான்கு ஊசி. பிரஷாந்தன் அங்கேயே வரைபடம் போட்டான். ஊசிக்கு முக்கால் மொழி. கோடு நேராக மேலே ஏறியது. அவ்வளவு நேரான கோட்டை அந்த நிலையம் அதுவரை கண்டதில்லை.

"அப்படியானால் ஆறாவது ஊசியில் நாலரை மொழி" என்றார் அம்மையார். "மீதி ஒன்றரை மொழி எது என்று நமக்குத் தெரியாது. அதற்கு அவர் ஒப்புதல் தரவில்லை."

"அரை மொழியோடு ஒரு மனிதரை வீட்டுக்கு அனுப்ப முடியாது" என்றார் இன்னொருவர்.

ஐந்தாவது, ஆறாவது ஊசிகள் பாதுகாப்புக் கருதி நிறுத்திவைக்கப்பட்டன. சீனி எழுந்தார்.

"எனக்கு மொழி வேணாம் சார். ரெண்டு விரல் போதும்."

"நீர் பயப்பட வேண்டாம்" என்றார் டாக்டர் தமிழில். "எல்லாம் உம்மட நன்மைக்குத்தான்."

நான்காவது ஊசி போட்டு அன்று பதினேழாம் நாள்.

அடுத்த வாரம் சோதனையின் இலக்கை மாற்றினார்கள். விரல் மடக்கு, கால் உணர்வு, ஊசி குத்தினால் வலி ஆகியவை பின்னிணைப்புக்குப் போயின. எழுத்தறிவு முதல் இலக்கு ஆனது. புதிய இலக்கின்படி முடிவுகளைத் திரும்ப எண்ணினார்கள். பதினெட்டில் பதினாறு பேர் ஏற்கெனவே எழுதத் தெரிந்தவர்கள். அவர்களிடம் மருந்து எந்த மாற்றத்தையும் ஏற்படுத்தவில்லை. சீனி வெற்றி. இருளாயி தோல்வி.

இருளாயி இப்போது செருப்பில்லாமல் வந்து போனாள். தரை சில்லென்று இருப்பது பிடித்திருந்தது. ஊசி போடும் முன் அவளிடம் ஓர் அட்டையைக் காட்டினார்கள். அதில் அ இருந்தது.

"இது என்ன பாட்டி?"

"கோழி குந்தியிருக்கு."

பிரஷாந்தன் குறித்துக்கொண்டான். அவள் வரவேற்புக் கூடத்துக்கு வந்து சீனியின் பக்கத்தில் உட்கார்ந்தாள்.

"ஊசி போட்டா எழுத்து வருமாம் லா தம்பி. எனக்குக் காலுதான் வந்துச்சு. அந்தப் பையன் மூஞ்சியத் தூக்கி வச்சிக்கிறான். காலு வந்தது தப்பாப் போச்சு."

"உனக்காவது போடுறாங்க."

"உனக்கு ஏன் போடல?"

"எழுதிட்டேன்."

சீனி தினமும் போனார். யாரும் வரச் சொல்லவில்லை. பேருந்து இறங்கி, கூடத்தில் உட்கார்ந்து, காலாட்டிக்கொண்டு, சட்டைப் பைக்குள் பழைய சாவிகளைக் குலுக்கிக்கொண்டிருந்தார். குளிர்பெட்டியின் பூட்டு அங்கிருந்தே தெரிந்தது. மலிவான பூட்டு. அதை அவரால் மூன்று விரலால் ஒரு நிமிடத்தில் திறக்க முடியும். ஆனால் உள்ளேயிருந்து எடுத்து யாரிடம் குத்திக்கொள்வது? சுண்டு விரலைப் பார்த்தார். அது அசையவில்லை. இருபத்திரண்டு. இருபத்து மூன்று. இருபத்து நான்கு.

இருபத்தைந்தாம் நாள் பிரஷாந்தனே அவரைத் தேடி வந்தான். தலைநகரிலிருந்து, டத்தோ பட்டம் பெற்ற ஒரு பெரிய மனிதர் வருகிறார். மருந்தைப் பார்க்க அல்ல, சீனியைப் பார்க்க.

"மேடையில நீங்க ஒரு சொல் எழுதணும் அங்கிள். அம்மா போதும். எழுதிட்டா டாக்டர் அஞ்சாவது ஊசியைப் பரிசீலிப்பார்."

"போடுவாரா, பரிசீலிப்பாரா?"

"பரிசீலிச்சுட்டுத்தானே போடணும்."

முப்பதாம் நாள் விழா. குமுதா அவருக்குச் சட்டையைத் தேய்த்துக் கொடுத்தாள். பொத்தான்களை அவரே போட்டார். மேடைக்குப் பின்னால் தினேஸ்வரி அவர் கையில் தடித்த மைப்பேனாவைக் கொடுத்தாள்.

"கொஞ்சம் கோணலா எழுதுங்க அண்ணே. அழகா எழுதினா நம்பமாட்டாங்க."

முன்வரிசையில் விருந்தினர்கள். பின்வரிசையில் பங்கேற்பாளர்களும் துப்புரவுப் பெண்களும். மேடை நடுவில் சட்டம் போட்ட பெரிய வெண்பலகை. டத்தோ கொழுத்த, நல்ல மனிதர். எல்லாவற்றுக்கும் சிரித்தார்.

டாக்டர் ஆங்கிலத்தில் பேசினார். "மாண்புமிகு டத்தோ அவர்களே, நான்கு தலைமுறையாகத் தோட்டத்தில் இருந்த மக்கள் இவர்கள். எழுத்து இவர்களிடம் இல்லை. அரசாங்கங்கள் பள்ளி கட்டின, ஆசிரியரை அனுப்பின. எவ்வளவு காலம், எவ்வளவு உழைப்பு! எங்களுக்கு நான்கு ஊசி போதுமானதாக இருந்தது. இந்த நிலையம் எழும்புவதற்கு முன் இந்த இடத்தில் எதுவும் இருந்ததில்லை."

டத்தோ கைதட்டினார். சீனி பலகைக்கு முன்னால் போய் நின்றார். பெருவிரலும் இரண்டு விரல்களும் பேனாவைப் பிடித்தன. மற்ற இரண்டும் பலகையில் செத்துக் கிடந்தன. அம்மா என்று எழுதலாம் என்றுதான் வந்திருந்தார். எதுவும் இருந்ததில்லை என்ற சொல் காதில் நின்றுவிட்டது. எழுதினார். ஒரு சொல்லோடு நிற்கவில்லை. நான்கு வரி ஆயிற்று. கோணல் இல்லை.

எனக்கு எழுதத் தெரியும்.
இந்த இடத்தில் இருந்த பள்ளியில் படித்தேன்.
கணினியில் தப்பாகக் குறித்துவிட்டார்கள்.
மிச்சம் இரண்டு ஊசியைப் போடுங்கள்.

பிறகு முன்வரிசை எழுந்து நின்று கைதட்டியது.

"அற்புதம்" என்றார் டத்தோ. "என்ன எழுதியிருக்கிறார்?"

டாக்டர் ஸ்கந்தராஜா பலகையைப் பார்த்தார். நீண்ட நேரம் பார்த்தார். பிறகு தொண்டையைச் செருமிக்கொண்டு, முதல் வரியின் கீழே விரலை வைத்து நகர்த்தினார்.

"இருளில் இருந்தேன் என்கிறார். இந்த நிலையம் எனக்கு ஒளி தந்தது." விரல் மூன்றாவது வரியில் 'தப்பாக' என்ற சொல்லைக் கடந்தபோது அவர் வாய் மாண்புமிகு டத்தோ என்றது. "மாண்புமிகு டத்தோவுக்கும் இயக்குநருக்கும் நன்றி. நாடு வாழ்க."

நான்கு வரி. கணக்குச் சரியாக வந்தது.

சீனிக்கு அப்போதுதான் விளங்கியது. டாக்டருக்குத் தமிழ் வாசிக்கத் தெரியாது. ஆங்கிலப் பள்ளியில் படித்தவர். அதில் குற்றம் ஒன்றுமில்லை. ஆனால் அவர் பெயருக்குக் கீழே எந்தக் கணினியும் 'எழுத்தறிவு: இல்லை' என்று போட்டதில்லை.

பின்வரிசையில் சிரிப்பு கிளம்பியது. துப்புரவுப் பெண்கள் வாயைப் பொத்திக்கொண்டார்கள். இருளாயிக்கு மட்டும் ஒன்றும் புரியவில்லை. பக்கத்திலிருந்தவளின் தொடையைத் தட்டினாள்.

"என்னாடி எழுதியிருக்கான்?"

பக்கத்திலிருந்தவள் காதுக்குள் சொன்னாள். இருளாயிக்குக் காதுக்குள் கேட்டதைக் காதுக்குள் வைத்துக்கொள்ளும் பழக்கமில்லை. எழுந்து நின்று, பலகையை நோக்கிக் கையை நீட்டி, ஒவ்வொரு வரியாக, கூடம் முழுக்கக் கேட்கச் சொன்னாள்.

"எனக்கு எழுதத் தெரியும்! இந்த எடத்துல இருந்த பள்ளியில படிச்சேன்! தப்பாக் குறிச்சிட்டாங்க! மிச்சம் ரெண்டு ஊசியப் போடுங்க!"

டாக்டருக்குத் தமிழ் கேட்டால் நன்றாகவே புரியும். அவர் முகத்திலிருந்து நிறம் இறங்கியது. தமிழ் தெரியாத டத்தோ திரும்பிப் பார்த்தார்.

"அந்த அம்மா யார்?"

"பங்கேற்பாளர்" என்றான் பிரஷாந்தன். "எழுத்தறிவு இல்லாதவர்."

"இல்லாதவரா? இப்போது பலகையைப் பார்த்துப் படித்தாரே!"

டாக்டரின் முகத்துக்கு நிறம் திரும்ப வந்தது.

"ஆம், டத்தோ" என்றார். "இரண்டாவது வெற்றி. தங்கள் முன்னிலையில் நடக்க வேண்டும் என்று காத்திருந்தது போலிருக்கிறது."

இருளாயிக்கும் மாலை போட்டார்கள். டத்தோ வெண்பலகையை வரவேற்புக் கூடத்தில் மாட்டச் சொன்னார். அடுத்த முறை வரும்போது பார்ப்பேன் என்றார். ஆகவே அதைக் கழற்ற யாருக்கும் துணிவில்லை. அடியில் பித்தளைத் தகட்டில் டாக்டரின் மொழிபெயர்ப்பை இரண்டு மொழிகளில் பொறித்தார்கள். தமிழில் பொறிக்கவில்லை. தமிழ்தான் மேலேயே இருந்தது.

போகிற போக்கில் டத்தோ ஒன்று கேட்டார். இவர்களுக்கு இன்னும் மருந்து தேவையா?

"தேவையில்லை, டத்தோ. பூரண வெற்றி."

மறுநாள் கடிதம் வந்தது. சோதனை முடிந்தது. எழுத்தறிவு: உண்டு என்று பதிவு திருத்தப்பட்டது. இனி ஊசி இல்லை. நாற்பத்தொன்றாம் நாள் வந்து முடிவுப் படிவத்தில் ஒப்பமிட்டுச் செல்லவும். சீனி அதைப் படித்துவிட்டு மடித்தார். பிரித்தார். மடித்தார்.

"உண்மையத்தானே எழுதினீங்க" என்றாள் குமுதா.

"அதான் கெட்டுச்சு."

அந்தப் பத்து நாளும் அவர் சரியாகத் தூங்கவில்லை, சரியாகச் சாப்பிடவும் இல்லை. அலமாரிப் பூட்டு, சைக்கிள் பூட்டு, கோழிக்கூட்டுப் பூட்டு. திறந்தார், மூடினார். நாற்பதாம் நாள் மாலை கோழிக்கூட்டுப் பூட்டில் சாவியை விட்டுக்கொண்டிருந்தவர் கையை நிறுத்தினார். முப்பது வருடமாகச் செய்த வேலை சொல்லித்தராததை அப்போதுதான் நினைத்தார். பூட்டு நியாயத்துக்குத் திறக்காது. சாவிக்குத்தான் திறக்கும்.

"என்ன, நின்னுட்டீங்க?" என்றாள் குமுதா.

"நாளைக்கு வெள்ளச் சட்டைய எடுத்து வை."

நாற்பத்தொன்றாம் நாள் காலை அவர் முகப்பில் நின்றார். தினேஸ்வரி முடிவுப் படிவத்தைத் திறந்து, அவர் முகத்தைப் பார்க்காமல் பேனாவை நீட்டினாள்.

"மன்னிச்சுக்குங்க அண்ணே. நான் எவ்வளவோ சொன்னேன்."

சீனி பேனாவை வாங்கவில்லை. இடது பெருவிரலைச் சதுரத்தில் வைத்தார்.

கணினி முதலில் யோசித்தது. பிறகு கத்தியது. முன்பு கத்தியதைவிடப் பலமாக.

எழுத்தறிவு: இல்லை. முந்தைய பதிவு: உண்டு. மருந்தின் பயன் மறைந்துவிட்டது.

தினேஸ்வரி திரையைப் பார்த்தாள். சீனியைப் பார்த்தாள். மெதுவாக அவள் உதடு ஒரு பக்கமாகப் போனது. அதை இழுத்து நேராக்கிக்கொண்டாள்.

"ஐயோ அண்ணே. மறந்துட்டீங்களா?"

"ஆமா லா. சுத்தமா."

"மூணு மொழியும்?"

"மூணும்."

பிரஷாந்தன் ஓடி வந்தான். திரையைப் பார்த்து ஓடிப் போனான். டாக்டர் ஸ்கந்தராஜா அங்கியின் பொத்தானைப் போட்டபடியே வந்தார். அடுத்த வாரம் டத்தோ வெளிநாட்டார் பன்னிரண்டு பேரை அழைத்து வருகிறார். நேரான கோடு ஏற்கெனவே அச்சுக்குப் போய்விட்டது. முடிவுப் படிவத்தில் ஒப்பமிடக் கூடத்தில் பதினைந்து பேர் காத்திருந்தார்கள். எல்லாரும் பலகையைப் படித்திருந்தார்கள். எல்லாரும் நிமிர்ந்து பார்த்தார்கள்.

"என்ன இது?" என்றார் டாக்டர்.

"பக்கம் திரும்ப ஒட்டிப்போச்சு போல சார். நீங்கதானே சொன்னீங்க. ஊசிய நிறுத்துனா ஒட்டிக்கும்னு."

டாக்டர் அவரைக் கையைப் பிடித்து வெண்பலகைக்கு முன்னால் கொண்டுபோய் நிறுத்தினார்.

"இது நீர் எழுதினது. என்ன எழுதியிருக்கு எண்டு வாசியும்."

சீனி பலகையைப் பார்த்தார். பித்தளைத் தகட்டையும் பார்த்தார். தம் கையெழுத்து நன்றாகத்தான் இருந்தது. இரண்டாவது வரியில் ளகரம் கொஞ்சம் பெரிதாக விழுந்திருந்தது.

"தெரியலையே சார்" என்றார். "நீங்க அன்னிக்கு டத்தோவுக்குப் படிச்சுச் சொன்னீங்களே. இன்னொரு தடவ படிங்க. கேட்டுக்கிறேன்."

பதினைந்து பேரும் காத்திருந்தார்கள். குளிர்சாதனம் இரைந்தது. டாக்டர் ஸ்கந்தராஜாவின் விரல் முதல் வரி வரைக்கும் போனது. அங்கேயே நின்றது.

பெஞ்சின் கோடியிலிருந்து இருளாயி வெறுங்காலைத் தரையில் தேய்த்தபடி குரல் கொடுத்தாள்.

"எனக்கு மனப்பாடமா இருக்கு சார். நான் சொல்லட்டா?"

டாக்டர் விரலை எடுத்துச் சட்டைப் பைக்குள் போட்டுக்கொண்டார்.

"ஐந்தாவதைப் போடுங்கோ" என்றார். "ஆறாவதுக்கும் தேதி குறியுங்கோ."

தினேஸ்வரி குளிர்பெட்டிச் சாவியை எடுத்துக்கொண்டு மூன்றாம் வகுப்பைத் திறக்கப் போனாள்.